நான்காம் எண் வேன்

கப்பல் கரைக்கு வராது, ஆழம் போதாது.
முகவரி தவறிய அடுக்குமாடிபோலத் தூரத்தில் நிற்கும்.
சின்னப் படகுகள் ஆட்களை அள்ளிவந்து
துறைமுகத்தில் கொட்டும்.

என் கையில் நான்காம் எண் பலகை.
இருபத்திரண்டு பேர், நெஞ்சில் மஞ்சள் ஸ்டிக்கர்.
அவர்கள் சீட்டில் அச்சாகியிருக்கிறது:
‘பழங்கால இடிபாடுகள், கழிமுக நீராட்டு.
நான்கரை மணி நேரம். சிற்றுண்டி உண்டு.’

அரிக்கமேட்டில் இறங்கியதும் கேட்கிறார்கள்,
‘எங்கே?’

மாமரங்கள். ஆட்டுப்புழுக்கை. பக்கத்தில் ஆறு.
செங்கல் சுவர் இரண்டு நிற்கும்,
எல்லாரும் ஓடிப்போய் அதன்முன் சிரிப்பார்கள்.
நான்தான் கெடுக்க வேண்டும்:
அது யவனர் சுவரில்லை, பிரெஞ்சுப் பாதிரிகள் கட்டியது,
நேற்றைய சுவர்.
‘அப்போ ரோமாபுரி?’
உங்கள் செருப்புக்குக் கீழே.
தோண்டினார்கள், பார்த்தார்கள், எழுதிக்கொண்டார்கள்,
மண்ணைத் திரும்பப் போட்டு மூடிவிட்டார்கள்.

‘மூடினதைக் காட்டவா காசு?’
சூரத் நகைக்கடைக்காரர் கேட்டார்.
அவர் பையன் ஒரு சில்லை எடுத்துவந்தான்.
போன வருடத்துப் பூந்தொட்டி.
சொல்லவில்லை. பையில் போட்டுக்கொண்டான்.

ஒவ்வொரு குழுவுக்கும் ஒன்று வைத்திருக்கிறேன்.
அந்தக் கப்பல்கள் காற்றோடு வந்தன,
எதிர்க்காற்று எழும்வரை மாதக்கணக்கில் கிடந்தன.
ஜாடியில் மது தீர்ந்திருக்கும், செருப்பு வார் அறுந்திருக்கும்,
நாலு உள்ளூர் மீனின் பெயர் வாயில் ஒட்டியிருக்கும்.
உங்கள் கப்பல் நாலு மணிக்குச் சங்கு ஊதும்.

இந்த இடத்தில் சிரிப்பார்கள்.
சிரித்தார்கள்.

சுண்ணாம்பாற்றில் கயிறு கட்டிய நீர், இடுப்பளவு.
ஆரஞ்சு மிதவைச் சட்டைகள்.
நாக்பூர் சுமித்ரா தேஷ்பாண்டே
மூக்குக் கண்ணாடியை என்னிடம் கழற்றிக் கொடுத்துவிட்டு
‘தரை இருக்கிறதா, இருக்கிறதா’ என்று கேட்டபடியே
இறங்கினார், பிறகு கேட்கவில்லை.
மல்லாந்து கிடந்தார். காது இரண்டும் தண்ணீருக்குள்.
கூப்பிட்டால் எப்படிக் கேட்கும்.

தலை எண்ணுவதுதான் என் தொழில்.
நனைந்த தலைகள் ஒன்றுபோல் இருக்கும்.
இருபத்தொன்று.
விசில் ஊதி எல்லாரையும் வெளியே நிற்கவைத்தேன்.
இருபத்தொன்று.
படகுக்காரர் கலியமூர்த்தி லுங்கியோடு குதித்தார்.
நானும் முழங்கால்வரை போய்
சேற்றில் கையை விட்டுத் துழாவினேன்.
வேர், வேர், யாரோ விட்ட பிளாஸ்டிக் தட்டு.
வேளாங்கண்ணித் தாயே என்றேன், சத்தமாகவே.

போன் அடித்தது. அரிக்கமேட்டுக் காவலாள் எத்திராசு.
‘அமலோற்பவிம்மா, உங்க மஞ்ச ஸ்டிக்கர் ஒருத்தரு
இங்கயே உக்காந்துக்கினு இருக்காரு. வெரட்டவா?’

இருக்கை பதினேழு. ஓசூர் வரதய்யன்.
முன்பு குழி இருந்த பள்ளத்தில்
ஷூவை ஜோடியாகக் கழற்றிவைத்து உட்கார்ந்திருந்தார்.
‘நீங்க கூப்பிட்டது கேட்டுது.
நாலு நாளா கப்பல்ல எதையாச்சும் காட்டிக்கிட்டே இருக்காங்கம்மா.
இங்க பாக்க ஒண்ணுமில்லன்னு நீங்கதான சொன்னீங்க.’

திட்டினேன். நாலு மணி, அபராதம், என் வேலை,
இருபத்தொரு பேர் ஈரத்துணியோடு வேனில்,
எல்லாம் சொல்லித் திட்டினேன்.
கை நடுக்கம் நிற்கவேயில்லை.
அவர் ஷூவைக் கையில் எடுத்துக்கொண்டு
வெறுங்காலோடு பின்னால் வந்தார்.

மூன்று ஐம்பத்திரண்டுக்குக் கடைசிப் படகு.
மூக்குக் கண்ணாடி என் கைப்பையிலேயே தங்கிவிட்டது.
சங்கு கேட்டபோதுதான் தெரிந்தது.

ஈர இருக்கைகளுக்கு முந்நூறு கேட்கிறார் ஓட்டுநர் பெர்னார்.
பதினேழில் மட்டும் ஈரமில்லை, செங்கல் பொடி.
‘அதுக்கும் சேத்துத்தான்’ என்கிறார்.

வெள்ளிக்கிழமை அடுத்த கப்பல்.
கண்ணாடியைப் போட்டுப் பார்த்தேன்.
ஆறு, பாலம், பெர்னார், எல்லாம்
தண்ணீருக்கடியில்.